புகை வேறு, வெப்பம் வேறு: வடசென்னையில் கார் பற்றிய ஆவணப்படம் எடுப்போர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மணலியில் பெட்ரோலும் டீசலும் சுத்திகரிக்கப்படுகின்றன. எண்ணூரிலுள்ள காமராசர் துறைமுகத்தில் புதிய கார்கள் கப்பலேறுகின்றன. அத்திப்பட்டிலும் வல்லூரிலும் நிலக்கரியை எரித்து மின்சாரம் எடுக்கப்படுகிறது. காரையும் காலநிலையையும் இணைத்துப் படமெடுக்க இதைவிடப் பொருத்தமான களம் கிடைப்பது அரிது. ஆனால், நெஞ்சை அடைக்கும் புகையையும் புவியைச் சூடாக்கும் வாயுவையும் ஒன்றாகக் காட்டிவிடும் தவறு இங்கேதான் எளிதாக நேர்கிறது.

புவியைச் சூடாக்கும் அந்தக் கரியமில வாயு (கார்பன் டை ஆக்சைடு) கண்ணுக்குத் தெரியாது. ஒரு லிட்டர் பெட்ரோல் எரிந்தால் சுமார் 2.3 கிலோவும், டீசல் எரிந்தால் சுமார் 2.7 கிலோவும், துளிப் புகையும் கக்காத வண்டியிலிருந்துகூட அது வெளியேறுகிறது. திருவொற்றியூர்ச் சாலையில் கன்டெய்னர் லாரி விடும் கரும்புகையில் தெரிவது கரித்துகள். அனல்மின் நிலையங்களின் குளிர்விப்புக் கோபுரங்களில் எழும் வெண்மையோ, நீராவி குளிர்ந்து உருவாகும் நீர்த்துளிகள். இவற்றைக் காட்டிக்கொண்டே பின்னணிக் குரலில் கரியமில வாயுவைப் பேசினால், படத்தை மறுக்க நினைப்பவருக்கு அந்த ஒரு காட்சியே போதும்.

கொள்கையை விளக்கும்போதும் இதே பிழை தலைகாட்டும். 2020 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரத் ஸ்டேஜ் 6 என்னும் வாகன மாசு விதி, எரிபொருளில் கந்தகத்தின் வரம்பை மில்லியனுக்கு 50 பங்கிலிருந்து 10 ஆகக் குறைத்து, நுண்துகள், நைட்ரஜன் ஆக்சைடு ஆகியவற்றின் வரம்புகளையும் இறுக்கியது. கரியமில வாயுவுக்கு அதில் வரம்பு இல்லை. அதைக் கட்டுப்படுத்துவது, ஒரு நிறுவனம் விற்கும் கார்கள் அனைத்தின் சராசரியைக் கணக்கிடும் எரிபொருள் சிக்கன விதி. இவ்வேறுபாட்டை அறியாமல் அதிகாரியைப் பேட்டி காண்பவர், கேள்விக்குப் பொருந்தாத பதில் வந்தாலும் அதை உணரமாட்டார்.

மின்சாரக் காரை மாசே இல்லாததாகக் காட்டுவது தவறு. நிலக்கரி மின்சாரத்தில் ஓடுவதால் பயனில்லை என்று ஒதுக்குவதும் தவறே. வாழ்நாள் முழுவதையும் கணக்கிட்டால், இந்தியாவிலும் அதன் கார்பன் உமிழ்வு பெட்ரோல் காரைவிடக் குறைவு என்றே ஆய்வுகள் காட்டுகின்றன. அதே வேளையில், அனல்மின் நிலையச் சாம்பல் கொசஸ்தலை ஆற்றில் படிந்து கழிமுகத்தின் ஆழத்தைக் குறைத்திருப்பதும் உண்மை. இரண்டையும் சேர்த்துச் சொல்லும் படமே எனக்கு நேர்மையானதாகப் படுகிறது.

பழைய காட்சிகளைச் சேர்க்கும்போது தேதி தவறக் கூடாது. 2017 ஜனவரியில் எண்ணூர்க் கடலில் எண்ணெய் பரவியதற்குக் காரணம் இரு கப்பல்களின் மோதல். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு கழிமுகத்துக்கு வந்தது மணலி பகுதியின் எண்ணெய். காரணமும் பொறுப்பும் வெவ்வேறு.

துறைமுகம், சுத்திகரிப்பு ஆலை ஆகியவற்றின் அருகே அனுமதியின்றி டிரோன் பறக்கவிட வேண்டாம்.

மீனவர்களை எண்ணெய் படிந்த படகருகே சோகமாக நிற்கவைத்துப் படமெடுப்பது என்னை மிகவும் வருத்தும் தவறு. எந்தப் பருவத்தில் எந்த இறால் குறைந்தது, எந்த இடத்தில் ஆறு தூர்ந்தது, அனல்மின் நிலையங்களின் சுடுநீர் எங்கே கலக்கிறது என்று அவர்களிடம் கேளுங்கள். சொல்பவரைப் படகிலேயே அமர்த்தி அந்த இடங்களுக்குச் சென்று பதிவு செய்யுங்கள். அவர்கள் சொல்வதை மாசுக் கட்டுப்பாட்டு வாரிய ஆவணங்களோடும் பசுமைத் தீர்ப்பாய ஆணைகளோடும் ஒப்பிட்ட பிறகே படத்தொகுப்பில் அமருங்கள்.