எராஸ்மஸ் முண்டஸ் அப்ளை பண்றீங்களா, முதல்ல ரூட்ட பாருங்க

எராஸ்மஸ் முண்டஸ்ங்கறது யூரோப்பியன் யூனியன் ஸ்காலர்ஷிப் தர்ற மாஸ்டர்ஸ் படிப்பு. யூரோப்ல ஃப்ரீயா மாஸ்டர்ஸ்னு ரீல்ஸ் பாத்துட்டு வர்றவங்க கேக்குற மொத கேள்வி எவ்ளோ காசு தருவாங்கங்கறதுதான், அதனால அத முடிச்சிட்டு போயிடுவோம். ஸ்காலர்ஷிப் கெடச்சா மாசம் 1400 யூரோ, கோர்ஸ் ரெண்டு வருஷம்னா 24 மாசத்துக்கும் வரும், ஃபீஸும் இன்சூரன்ஸும் நம்ம தலைல விழாது, ஆனா ஃப்ளைட் விசா வாடகை சாப்பாடு எல்லாம் அந்த 1400க்குள்ளதான். வயசு வரம்பு கிடையாது, ஃபைனல் இயர்ல இருக்கறவங்களும் போடலாம். ஏஜென்ட் யாரும் வேணாம், நேரா அந்தந்த கோர்ஸ் சைட்லயே அப்ளை பண்ணணும், பெரும்பாலும் அக்டோபர்ல இருந்து ஜனவரிக்குள்ள.

இப்ப விஷயத்துக்கு வரேன். இது ஒரே யூனிவர்சிட்டில உக்காந்து படிக்கிற படிப்பு இல்ல, பல யூனிவர்சிட்டி சேந்து நடத்துறது, கொறஞ்சது ரெண்டு நாட்டுலயாவது படிச்சே ஆகணும். எந்தெந்த நாட்டுல படிக்கப் போறோங்கறதத்தான் ரூட்னு சொல்றேன். 2004ல ஆரம்பிச்சதுல இருந்து இதோட உயிரே அதுலதான் இருக்கு. ஆனா நம்மாளுங்க எழுதுற மோட்டிவேஷன் லெட்டர பாத்தா அந்த நாடுகள பத்தி ஒரு வரி இருக்காது, சின்ன வயசுல இருந்தே எனக்கு ஆர்வம்னு ஆரம்பிச்சு டாப் ரேங்க்டு யூனிவர்சிட்டினு முடிஞ்சிடும். செலக்ஷன்ல உக்காந்திருக்கறவங்களுக்கு அவங்க ரேங்க் தெரியாதா என்ன?

ஒரு உதாரணம் சொல்றேன். கோரியோமுண்டஸ்னு ஒரு கோர்ஸ், நடனத்த ஆராய்ச்சியா படிக்கறது, ஃபிரான்ஸ்ல கிளெர்மோன்-ஃபெரான், நார்வேல ட்ரொண்ட்ஹெய்ம், ஹங்கேரில செகெட், லண்டன்ல ரோஹாம்ப்டன்னு நாலு எடம். பறையாட்டம் பண்ற ஒருத்தர் இதுக்கு எழுதுறாருன்னு வைங்க. பறை தொன்மையான கலை, உலகுக்கு எடுத்துச் செல்வேன்னு எழுதுனா அது மேடைப்பேச்சு. அதுக்கு பதிலா, சாவு வீட்டுலயும் கோயில்லயும் சாதிக் கட்டாயத்தோட அடிக்கப்பட்ட பறை இப்ப காலேஜ் கல்ச்சுரல்ஸ்ல, சிட்டி வொர்க்‌ஷாப்ல யார் வேணா கத்துக்கறதா ஆயிடுச்சு, இதுல யாருக்கு என்ன கெடச்சுது யாரு ஓரமா போனாங்கன்னு கேள்வியா வைக்கலாம். அப்புறம் 1972ல புடாபெஸ்ட்ல சிட்டி பசங்க கிராமத்து ஆட்டத்த எடுத்து ஆட ஆரம்பிச்ச டான்ஸ்ஹவுஸ் இயக்கம் இருக்கு, யுனெஸ்கோவே 2011ல கலைகள பாதுகாக்குற நல்ல முறைகளோட பட்டியல்ல அத சேத்தது, அத ஹங்கேரிலயே போய் பாத்து நம்ம கதையோட வச்சு யோசிக்கணும்னு எழுதுனா அந்த ரூட் ஏன் வேணும்னு படிக்கறவங்களுக்கு தானா புரிஞ்சிடும். இஞ்சினியரிங் கோர்ஸா இருந்தாலும் இதே கணக்குதான், எந்த ஊர்ல எந்த லேப், எதுக்கு அங்க, அத எழுதுங்க. எந்த கோர்ஸுக்கு அந்த வருஷம் ஸ்காலர்ஷிப் இருக்குன்னு யூரோப்பியன் யூனியன் போடுற கேட்டலாக்ல செக் பண்ணிட்டு எறங்குங்க, ஏன்னா பழைய கோர்ஸ் சிலதுக்கு ஃபண்டிங் முடிஞ்சிருக்கும்.

எல்ஓஆர், அதாவது நம்ம ப்ரொஃபசர் தர்ற சிபாரிசு லெட்டர், தனி தலைவலி. நம்ம ஊர்ல சார்கிட்ட போனா நீயே டைப் பண்ணிட்டு வாப்பா சைன் போடுறேன்னுவாங்க. ரெண்டு சாருக்கும் ஒரே மாதிரி டைப் பண்ணிடாதீங்க, ஒரே ஆள் எழுதுனதுன்னு பாத்ததுமே தெரியும். சில கோர்ஸ் காலேஜ் மெயில் ஐடில இருந்துதான் வரணும்னு கேக்கும், பாதி ப்ரொஃபசருங்க ஜிமெயில்தான் வச்சிருப்பாங்க, அதனால டிசம்பர் லீவுக்கு முன்னாடியே ஆஃபீஸ்ல கேட்டு காலேஜ் ஐடி ஒண்ணு வாங்கிக்க சொல்லிடுங்க.

ரிசல்ட்ல ரிசர்வ் லிஸ்ட்னு வந்தா மூஞ்ச தூக்கி வச்சுக்காதீங்க, மெயின் லிஸ்ட்ல இருக்கறவங்க வேற கோர்ஸுக்கு போய்ட்டா எடம் கீழ எறங்கும், ஆர்வமா இருக்கேன்னு மரியாதையா ஒரு மெயில் போட்டா போதும்.

கெடச்சவங்க மொத நாட்டு விசாவோட நிறுத்திக்கறாங்க. அடுத்த நாட்டுக்கும் தனியா பர்மிட் எடுக்க வேண்டி வரலாம், அப்ப சில நாடுங்க பர்த் சர்டிபிகேட், டிகிரி, போலீஸ் க்ளியரன்ஸ்ல அப்போஸ்டில் (வெளிநாட்டுல செல்லுபடியாக நம்ம அரசாங்கம் தர்ற சான்று) கேக்கும். அங்க போய்ட்டு கேட்டா அப்பாதான் ஆஃபீஸ் ஆஃபீஸா அலையணும், அதனால பர்த் சர்டிபிகேட்டையும் டிகிரியையும் மட்டுமாவது ஊர்ல இருக்கறப்பவே முடிச்சிடுங்க. போலீஸ் க்ளியரன்ஸ் சீக்கிரம் எடுத்தா பழசாயிடும், அது அந்தந்த நேரத்துக்கு பாத்துக்கலாம்.