மந்திர ஆற்றலின் சுழற்சி: கற்பனை உலகம் படைப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஃபேண்டஸி எழுத உட்காரும் பலர் மந்திர ஆற்றலுக்கு ஒரு பிறப்பிடம் வைப்பதோடு நிறுத்திவிடுகிறார்கள். மலையுச்சியில் ஒரு பளிங்கு. அதிலிருந்து ஆற்றல் வரும், மந்திரவாதி எடுத்துக்கொள்வான், கதை தீர்ந்தது. இது வெறும் வரத்து, சுழற்சி ஆகாது. செலவான ஆற்றல் எங்கே போய் எப்படித் திரும்புகிறது?

டெல்டாக்காரர்களுக்கு இதைக் கற்க வேறெங்கும் போக வேண்டியதில்லை. காவிரி போய்ச் சேர்வது வங்கக் கடலில். ஆனால் மேட்டூரை நிரப்பும் தென்மேற்குப் பருவமழை அரபிக் கடல் பக்கமிருந்து வந்து குடகிலும் வயநாட்டிலும் கொட்டுகிறது. வங்கக் கடலோ தன் பங்கை ஐப்பசி கார்த்திகையில் நேராக நம் வயலிலேயே இறக்குகிறது. போன வழியிலேயே திரும்பி வர வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை.

உதாரணத்துக்கு, நம் உலகத்தில் மந்திர ஆற்றலுக்குச் ‘சுடர்’ என்று பெயர் வைப்போம். மந்திரம் முடிந்ததும் மண்ணில் இறங்கும், பயிர் உறிஞ்சும், உயிர்கள் தின்னும், அவை மடிந்ததும் ஆவியாகி மேற்கே போய் மலையில் பனியாக விழும், ஆற்றோடு மறுபடி வரும்.

சரி, வந்துவிட்டது. உடனே எல்லாருக்கும் கிடைத்துவிடுமா? வழக்கப்படி ஜூன் 12-ல் மேட்டூரைத் திறந்தால் தண்ணீர் கல்லணைக்கு வர மூன்று நாலு நாள் ஆகும். அங்கே காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று பிரியும். அப்புறம் கிளையாறு, வாய்க்கால், மடை. தலைமடையில் நாற்று தலைகாட்டிய பிறகும், வாய்க்காலின் கடைசியில் இருக்கும் கடைமடைக்காரர் காய்ந்த வாய்க்காலைப் பார்த்துக்கொண்டு நிற்பார். முறை வைத்துத் தண்ணீர் விடும் வருஷத்தில் ராத்திரியில் ஷட்டரை ஏற்றியது யார் என்று இரண்டு ஊர் மல்லுக்கு நிற்கும். பெரும்பாலான மந்திர உலகங்களில் இந்தக் கடைமடையே கிடையாது. சுடர் அரண்மனைக்கும் மந்திரப் பள்ளிக்கும் போகிறது. மிச்சம் மீதியில் பிழைக்கும் ஊரை வரைபடத்தில் காணோம். என்னைக் கேட்டால் கதையை அந்த ஊரில்தான் தொடங்க வேண்டும்.

எல்லாரும் சறுக்குகிற இடம் இன்னொன்று: ஆற்றல் குறைவதை மட்டுமே ஆபத்தாக நினைப்பது. டெல்டாவில் தண்ணீர் வராமல் அழுத விவசாயியே கார்த்திகையில் தண்ணீர் போகாமலும் அழுவார். நட்டு இருபது நாளான சம்பாப் பயிர் மூழ்கிக் கிடக்கும். முதலில் நுனி மஞ்சளாகும், பிறகு தூர் அழுகி, பிடித்து இழுத்தால் வழவழவென்று கையோடு வரும். வரப்பை வெட்டி வடிக்கலாமென்றால் அடுத்த வயல்காரர் மண்வெட்டியோடு வந்து நிற்பார், அவர் வயலும் முங்கித்தான் கிடக்கிறது. வடிகாலில் ஆகாயத்தாமரை அடைத்திருக்கும். கடலும் பொங்கி நின்றால் முகத்துவாரம் தண்ணீரை வாங்காது. அதனால்தான் வெள்ளத்தை வெளியே தள்ள டெல்டாவுக்குக் கொள்ளிடம் இருக்கிறது. உங்கள் உலகத்துக்குக் கொள்ளிடம் எது? மிஞ்சிய சுடர் தேங்கினால் என்ன அழுகும்? விதை முளைக்காமல் போகலாம், செத்தவர்கள் முழுதாய்ச் சாகாமல் கிடக்கலாம். வடிகாலைத் தூர்வாரும் வேலையை யார் தலையில் கட்டினார்கள் என்று யோசித்தாலே பாதி நாவல் வந்துவிடும்.

ஆற்றலைத் தேக்கிவைக்கும் கோபுரம் பலருக்குப் பிடித்த சங்கதி. கட்டுங்கள், ஆனால் விலையில்லாமல் கட்டாதீர்கள். 1934-ல் கட்டி முடித்த மேட்டூர் அணை, 120 அடி வரை தண்ணீரைப் பிடித்துவைத்துப் பாசனத்துக்கு ஒரு நிதானம் கொடுத்தது. ஆற்றோடு வந்த வண்டலில் பெரும்பங்கு அணைக்குள்ளேயே படிந்தும் போகிறது. சுடரோடு கூட வரும் சின்னச் சமாச்சாரம் எது, கோபுரம் அதை மறித்தால் நூறு வருஷம் கழித்துக் கீழே எது மெலியும் என்று எழுதிவைத்துக்கொள்ளுங்கள்.

சுடர் பிந்தியதும் பாத்திரங்கள் எல்லாரும் வானத்தைப் பார்த்துப் புலம்புவதும் நம்பும்படி இல்லை. இங்கே தண்ணீர் தாமதமானால் முதல் போக நெல்லான குறுவையைக் கைவிட்டு நேரே அடுத்த போகமான சம்பாவுக்குப் போவார்கள்; போர்வெல் வைத்திருப்பவர் குறுவையையும் விடமாட்டார். அறுப்புக்கு முன்னால் ஈரம் இருக்கும்போதே நெல்லுக்குள் உளுந்தைத் தெளித்துவிடுவார்கள், மிச்ச ஈரத்தில் அது விளைந்துவிடும். மிச்சச் சுடரில் விளையும் சின்ன மந்திரங்கள் உங்களிடம் உண்டா?

திருவிழாவையும் சுடர் வந்தால்தான் கொண்டாடுவார்கள் என்று வைக்காதீர்கள். ஆடிப் பதினெட்டுக்கு ஆறு வறண்டு கிடந்தாலும் மஞ்சள் கயிறு, காதோலை கருகமணி, காப்பரிசி எல்லாம் வாங்குவார்கள். குழாயடியிலோ போர்செட்டிலோ வைத்துப் படைத்துவிடுவார்கள். சுடர் வராத வருஷத்தின் திருவிழாவில் கிழவிகள் என்ன செய்வார்கள் என்று ஒரு அத்தியாயம் எழுதிப் பாருங்கள்.

மந்திரத்துக்கு அலகு, அளவு, அட்டவணை போடுவது உங்கள் நோட்டுக்கு மட்டும் போதும். முதல் அத்தியாயத்தில் குரு சீடனுக்குச் சுழற்சி முழுவதையும் வகுப்பெடுப்பதை மட்டும் தயவுசெய்து எடுத்துவிடுங்கள். அந்த இடத்தில் மடையடியில் இரண்டு பேரைச் சண்டை போட விட்டால், சுடர் எங்கிருந்து வருகிறது, யார் மறித்தார்கள், யாருக்குப் போகவில்லை என்று எல்லாவற்றையும் அவர்களே கொட்டிவிடுவார்கள்.