அசையாத கேமராவில் பத்து நிமிட ஷாட் எடுப்பது எப்படி

அமெரிக்க இயக்குநர் ஜேம்ஸ் பென்னிங் 2004இல் முடித்த ‘13 லேக்ஸ்’ படத்தில் அமெரிக்காவின் 13 ஏரிகள் வருகின்றன. ஏரிக்கு ஒரு ஷாட், ஷாட்டுக்குப் பத்து நிமிடம், கேமரா அசையாது. எதிரில் நடப்பதில் தலையிடாததால் அது ஆவணப்படம். எவ்வளவு நேரம் பார்ப்பது என்று முன்பே விதி வைத்துவிட்டதால் பரிசோதனைப் படமும்கூட.

ஆகவே முதல் வேலை, விதியை முடிவு செய்வது. 400 அடி 16 எம்.எம். ஃபிலிம் சுருள், வினாடிக்கு 24 ஃபிரேம் கணக்கில் சுமார் 11 நிமிடம் ஓடும். பத்து நிமிடம் அதற்குள் அடங்கும். பென்னிங்கின் ‘ஆர்ஆர்’ (2007) படத்தில் ஷாட்டின் நீளத்தை, ஃபிரேமைக் கடக்கும் ரயில் தீர்மானிக்கிறது. தொடக்கமும் முடிவும் கண்ணுக்குத் தெரியும் விஷயத்துக்கு இந்த வழி. தண்ணீருக்கும் வானத்துக்கும் கடிகாரம்தான்.

டிஜிட்டலில் எடுத்தால் ஆட்டோ எதுவும் வேண்டாம்: ஃபோகஸ், ஒயிட் பேலன்ஸ் (நிறச் சமன்), ஐ.எஸ்.ஓ. (ஒளி உணர்திறன்), அப்பர்ச்சர் (லென்ஸ் துளை) எல்லாம் கையால் வைத்துப் பூட்டுங்கள். ட்ரைபாடில் ஸ்டெபிலைசேஷனை அணையுங்கள். இல்லாவிட்டால் ஃபிரேம் மெல்ல நகரும். நல்ல வெயிலில் ஐ.எஸ்.ஓ. 100, எஃப்/8, ஷட்டர் 1/50 என்றால் ஒளியைக் குறைக்கும் என்.டி. ஃபில்டர் மூன்று ஸ்டாப் தேவை (ஒவ்வொரு ஸ்டாப்பும் ஒளியைப் பாதியாக்கும்). பின்னால் நிறம் திருத்துவதற்காகத் தட்டையாகப் பதியும் லாக் முறையில் ஐ.எஸ்.ஓ. 800 வைத்தால் ஆறு ஸ்டாப். போலரைசர் ஃபில்டர் தண்ணீரின் பிரதிபலிப்பைத் தின்றுவிடும், கழற்றி வையுங்கள்.

பலர் சறுக்குவது எக்ஸ்போஷரில், அதாவது எவ்வளவு ஒளி பதிகிறது என்பதில்தான். வெயில் முழுதாக இருக்கும்போது அளந்து, வெள்ளைப் பகுதி விவரமில்லாமல் வெளுத்து வெடிக்காதபடி வைத்து, அப்படியே விடுங்கள். நான்காவது நிமிடத்தில் மேகம் வந்து ஏரி கறுக்கும். கை பரபரக்கும், தொடாதீர்கள். அந்தக் கறுப்புதான் ஷாட்டில் நடக்கும் சம்பவம். ஆட்டோவில் இருந்தால் கேமரா அதைத் திருத்திச் சமன்செய்துவிடும், பார்ப்பவருக்கு எதுவுமே நடந்திருக்காது.

அலையும் இலையும் நிறைந்த காட்சியில் பிட்ரேட் (வினாடிக்குப் பதிவாகும் தரவின் அளவு) குறைந்தால் படம் கட்டம்கட்டமாக உடையும். 100 எம்.பி.பி.எஸ்.ஸில் (வினாடிக்கு 100 மெகாபிட்) பத்து நிமிடத்துக்கு 7.5 ஜி.பி. ஆகும். வானம் பெரிதாக இருந்தால் 10 பிட் நிறத்தில் எடுங்கள். 8 பிட்டில் நீலம் பட்டைபட்டையாகப் பிரியும். முன்னும் பின்னும் ஒரு நிமிடம் கூடுதலாக ஓடவிடுங்கள். எங்கே தொடங்குவது என்று எடிட்டிங் மேசையில் தேர்ந்தெடுக்கலாம்.

ஒலியைத் தனி ரெக்கார்டரில், 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் பிடியுங்கள். மைக்குக்கு ரோம உறை கட்டாயம்: காற்று ஒருமுறை மோதிப் பதிவான இரைச்சலை ஃபில்டர் போட்டும் முழுதாக எடுக்க முடியாது. பொத்தானை அழுத்தியதும் நீங்கள் தள்ளிப்போய் உட்காருங்கள். சரளையில் கால் மாற்றி நிற்கும் ஓசைகூட விழும். கேமராவும் ரெக்கார்டரும் பத்து நிமிடத்தில் ஓரிரு ஃபிரேம் விலகலாம். அலைக்கு அது தெரியாது. சுத்தியல் அடி காட்சியில் இருந்தால் தெரியும். அப்போது தொடக்கத்திலும் முடிவிலும் கைதட்டிக் குறி வையுங்கள்.

எடிட்டிங்கில் ஷாட்டுக்கு உள்ளே வெட்டு கிடையாது. ஷாட்டுகளுக்கு இடையே சில வினாடி கறுப்பு விடுங்கள். முந்தைய இடத்தின் காட்சி கண்ணைவிட்டுப் போவதைவிட அதன் ஒலி காதைவிட்டு மெதுவாகவே போகும்.