இறைச்சி சேர்க்காமல் ஒரு பானை காராமணி

இறைச்சி போடாவிட்டால் காராமணி சப்பென்று இருக்கும் என்று நினைக்காதீர்கள், இறைச்சி கொடுப்பது கொழுப்பும் உப்பும் புகை வாசனையும்தான், அதை வெங்காயமும் எண்ணெயும் புகையூட்டிய மிளகாய்த்தூளும் தாராளமாகவே கொடுக்கும்.

2 கப் காய்ந்த காராமணியைக் கல் பார்த்துக் கழுவுங்கள். ஊறவைத்தே ஆகவேண்டும் என்றில்லை, ஊறினால் சீக்கிரம் வேகும், அவ்வளவுதான். அடிகனமான பானையில் 2 ஸ்பூன் எண்ணெய் விட்டு, பெரிய வெங்காயம் ஒன்றை நிதானமாக, நன்றாகப் பழுப்பாகும்வரை வதக்குங்கள். சுவை முழுக்க இங்கேதான் உருவாகிறது, தயவுசெய்து அவசரப்படாதீர்கள். அப்புறம் பூண்டு, கேரட், ஒரு பிரிஞ்சி இலை, 1 ஸ்பூன் புகையூட்டிய மிளகாய்த்தூள். காராமணியும் 6 கப் தண்ணீரும் சேர்த்து, கொதி வந்ததும் தீயைக் குறைத்துவிடுங்கள். தளதளவென்று கொதிக்கவிட்டால் தோல் உரிந்து குழைந்துவிடும். உப்பை ஆரம்பத்திலேயே கொஞ்சம் போடலாம், ஆனால் தக்காளியோ எலுமிச்சையோ பயறு வெந்த பிறகுதான், ஏனென்றால் புளிப்பு பயறை மெத்தென்று ஆகவிடாது.

ஊறாத பயறு வேக முக்கால் மணி முதல் ஒரு மணி நேரம் ஆகும். விரலால் அழுத்தினால் மசியவேண்டும். கடைசி ஐந்து நிமிடத்தில் ஏதாவது ஒரு கீரையை நறுக்கிப் போடுங்கள், ஒரு கரண்டி பயறை மசித்துக் கலந்தால் குழம்பு தானாகவே கெட்டிப்படும், மாவு எதுவும் தேவையில்லை. புரதமும் நார்ச்சத்தும் பயறிலேயே நிறைய இருக்கின்றன. மீந்ததை ஆறியதும் ஃபிரிட்ஜில் வையுங்கள், மறுநாள் இன்னும் ருசியாக இருக்கும்.