சுயநிர்ணயம், இறையாண்மை: பேசும்போது நாம திரும்பத் திரும்பப் பண்ற தப்புகள்

சுயநிர்ணய உரிமைன்னு ஒருத்தர் வாயைத் திறந்தா போதும், எதிர்ல இருக்கறவர் உடனே "அப்ப நாட்டைத் துண்டு போடணும்ங்கிறீங்களா"ன்னு கேப்பாரு, இவரும் "ஆமா, அது எங்க பிறப்புரிமை"ன்னு எகிறுவாரு, அதோட பேச்சு முடிஞ்சு சண்டை ஆரம்பிச்சுரும். ரெண்டு பேரும் எதிரெதிர் பக்கம் நிக்கிற மாதிரி தெரியும், ஆனா ரெண்டு பேருமே ஒரே தப்பைத்தான் பண்றாங்க. சுயநிர்ணயம்னா தனிநாடுன்னு ரெண்டு பேருமே முடிவு கட்டிட்டாங்க.

எனக்கே இந்தக் குழப்பம் ரொம்ப நாள் இருந்துச்சு. அதைத் தெளிய வச்சது, பிரெஞ்சு பேசறவங்க பெரும்பான்மையா இருக்கற, கனடாவுல இருந்து பிரியலாமான்னு ஓட்டெடுப்பே நடத்தின கியூபெக் மாகாணத்துக் கதை. அதனால இங்க பெரும்பாலும் அதை வச்சேதான் பேசப் போறேன், நடுவுல தேவைப்பட்டா வேற ஊருக்கும் போய் வருவோம்.

முதல்ல சொல்லோட அர்த்தம். 1966ல ஐநா கொண்டு வந்த ரெண்டு மனித உரிமை உடன்படிக்கையிலயும் முதல் பிரிவே இதுதான்: எல்லா மக்களுக்கும் சுயநிர்ணய உரிமை உண்டு, தங்களோட அரசியல் நிலை என்னங்கிறதை அவங்களே சுதந்திரமா முடிவு பண்ணலாம். இதுல பிரிஞ்சு போறதுன்னு எங்கயுமே வரல பாருங்க. முடிவு பண்ற உரிமைதான் இருக்கு, என்ன முடிவுங்கிறது திறந்தே கிடக்கு. தனிநாடு ஒரு பதில், கூட்டாட்சி ஒரு பதில், தன்னாட்சி ஒரு பதில், "இருக்கிற மாதிரியே இருந்துக்கறோம்"ங்கிறதும் ஒரு பதில்தான். இலங்கைத் தமிழர் அரசியல்ல இதை 'உள்ளக சுயநிர்ணயம்' (நாட்டுக்குள்ளயே இருந்து தங்களைத் தாங்களே ஆளறது), 'வெளியக சுயநிர்ணயம்' (தனி நாடா ஆகறது)னு பிரிச்சே சொல்வாங்க, 2002 டிசம்பர்ல ஆஸ்லோ பேச்சுவார்த்தையில உள்ளக சுயநிர்ணயத்தை அடிப்படையா வச்சு ஒன்றுபட்ட இலங்கைக்குள்ள கூட்டாட்சித் தீர்வை ஆராயலாம்னு இலங்கை அரசும் விடுதலைப் புலிகளும் ஒத்துக்கிட்டதா அறிவிப்பு வந்துச்சு. சமஷ்டி, அதாவது கூட்டாட்சி, கேக்கறது பிரிவினை ஆகாதுன்னு அந்த நாட்டு உச்ச நீதிமன்றமே 2017ல சொல்லுச்சு, ஆனா அதைச் சொல்ல வைக்கிறதுக்கே எத்தனை பத்தாண்டு போச்சுன்னு நினைச்சா மனசு கனத்துப் போகுது.

சரி, வெளியக சுயநிர்ணயம், அதாவது தனி நாடா ஆகுற உரிமை, யாருக்கு உண்டு? 1998 ஆகஸ்ட்ல கனடா உச்ச நீதிமன்றம் இதுக்கு ஒரு பதில் சொல்லிச்சு, இந்த விஷயத்துல நான் படிச்சதுலயே ரொம்பத் தெளிவான பதில் அதுதான். காலனி நாட்டு மக்களுக்கு உண்டு, அந்நிய ஆதிக்கத்துக்குக் கீழ அடிமைப்பட்டுக் கிடக்கறவங்களுக்கு உண்டு. மூணாவதா, ஒரு நாட்டுக்குள்ளயே இருந்தும் ஆட்சியில எந்தப் பங்கும் கிடைக்காம முழுசா அடைச்சு வைக்கப்பட்ட மக்களுக்கும் ஒருவேளை இருக்கலாம், அதை இங்க முடிவு பண்ண வேண்டிய தேவை இல்லைன்னு விட்டுருச்சு. கியூபெக் இதுல எதுலயும் வராதுன்னு சொன்னதுக்குக் கோர்ட் காட்டின காரணங்கள்ல ஒண்ணு, முந்தின 50 வருஷத்துல கிட்டத்தட்ட 40 வருஷம் கனடாவோட பிரதமர் நாற்காலியில இருந்ததே கியூபெக்காரங்கதான்.

இந்தத் தீர்ப்பைப் பாதி மட்டும் படிக்கிறது இன்னொரு தப்பு. "பிரிஞ்சு போக உரிமை இல்லைன்னு கோர்ட்டே சொல்லிருச்சு"ன்னு நிறுத்திடறாங்க. மீதிப் பாதி என்ன தெரியுமா? தெளிவான கேள்விக்குத் தெளிவான பெரும்பான்மை கியூபெக்ல 'ஆமா'ன்னு சொன்னா, மீதி கனடா காதைப் பொத்திக்கிட்டு உக்கார முடியாது, பேச்சுவார்த்தைக்கு வந்தே ஆகணும், அது அரசியல் சட்டக் கடமை. தன்னிச்சையா வெட்டிக்கிட்டுப் போறதுக்கும் உரிமை இல்ல, ஒரு மக்கள் கேக்கறதைக் கண்டுக்காம இருக்கறதுக்கும் உரிமை இல்ல. என்னைக் கேட்டா ரெண்டாவது பாதிதான் பெருசு.

இனிமே வர்றதுதான் எல்லாத்தையும் விட முக்கியமான தப்பு. 'மக்கள்'னா யாருன்னு எல்லாருக்கும் தெரியும்ங்கிற மாதிரி பேசறது. ஐவர் ஜென்னிங்ஸ்னு ஒரு பிரிட்டிஷ் அரசியல் சட்ட அறிஞர், இலங்கைப் பல்கலைக்கழகத்தோட முதல் துணைவேந்தர், சுதந்திர இலங்கையோட முதல் அரசியல் சட்டத்தை வடிவமைச்சதுலயும் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. அவர் 1956ல சொன்னதோட சாரம் இது: மக்களே முடிவு பண்ணட்டும்னு சொல்றது கேக்க நியாயமாத்தான் இருக்கு, ஆனா யார் அந்த மக்கள்னு வேற யாரோ முதல்ல முடிவு பண்ணாம மக்களால எதையும் முடிவு பண்ண முடியாதே. அந்த மனுஷன் எந்த நாட்டுல வேலை பார்த்துட்டு வந்து இதைச் சொன்னாரு, 1956ல அந்த நாட்டுல வந்த தனிச் சிங்களச் சட்டம் என்ன பண்ணுச்சுன்னு நமக்கு விளக்க வேண்டியதில்ல.

கியூபெக்ல இது எப்படி வெடிச்சுதுன்னு பாருங்க. 1995 அக்டோபர் 30 அன்னிக்கு, கனடாவுல இருந்து பிரியலாமான்னு மாகாணம் முழுக்க ரெஃபரெண்டம், அதாவது பொது வாக்கெடுப்பு. அதுக்கு 6 நாள் முன்னாடி, அக்டோபர் 24ல, அந்த மாகாணத்தோட வடக்குப் பகுதியில வாழற க்ரீ பழங்குடி மக்கள் தங்களுக்குன்னு தனியா ஒரு ஓட்டெடுப்பு நடத்தினாங்க. எங்களையும் எங்க நிலத்தையும் கியூபெக் அரசு கனடாவுல இருந்து பிரிச்சுக் கொண்டு போக நாங்க சம்மதிக்கிறோமாங்கிறதுதான் கேள்வி. 96 சதவீதத்துக்கு மேல முடியாதுன்னாங்க. பக்கத்துல இருக்கற இன்யூட் மக்களும் தனியா ஓட்டுப் போட்டாங்க, அங்கயும் சுமார் 95 சதவீதம் முடியாதுதான்.

அந்த வடக்கு நிலம் கியூபெக்குக்கு எப்படி வந்துச்சுன்னு தெரிஞ்சாதான் அவங்க கோபம் புரியும். 1898லயும் 1912லயும் கனடா அரசு சட்டம் போட்டு அதைக் கியூபெக்கோட சேர்த்துச்சு, அங்க குடியிருந்தவங்க யாரையும் ஒரு வார்த்தை கேக்கல. 1971ல ஜேம்ஸ் விரிகுடா பக்கம் பிரம்மாண்டமான நீர்மின் திட்டம்னு மாகாண அரசு அறிவிச்சப்பவும் கேக்கல, அவங்க கோர்ட்டுக்குப் போய்ப் போராடினப்புறம்தான் 1975ல ஒரு ஒப்பந்தமே வந்துச்சு. அப்படிப்பட்டவங்ககிட்டப் போய் "இப்ப எங்களுக்குச் சுயநிர்ணயம் வேணும், நீங்களும் எங்களோட வாங்க"ன்னா அவங்க என்ன சொல்வாங்க? கனடாவைப் பிரிக்கலாம்னா கியூபெக்கையும் பிரிக்கலாம்னு சொன்னாங்க. அதுக்குக் கியூபெக் அரசோட பதில், மாகாண எல்லையைத் தொடக் கூடாது, அது புனிதம்ங்கிற ரீதியிலதான் இருந்துச்சு. கனடா எல்லைக்கு இல்லாத புனிதம் கியூபெக் எல்லைக்கு மட்டும் எங்க இருந்து வந்துச்சுன்னு நேர்மையா ஒரு பதில் அவங்ககிட்ட இருந்ததா எனக்குத் தோணல. பிரெஞ்சு மொழியைக் காப்பாத்த அவங்க எடுத்த முயற்சிகள் மேல எனக்கு நிஜமாவே மரியாதை உண்டு, 1977ல வந்த மொழிச் சட்டம் இல்லாம இருந்தா அந்த மாகாணத்தோட பெரிய நகரமான மான்ட்ரியால் இன்னிக்கு எப்படி இருக்கும்னு யோசிச்சாலே புரியும், ஆனா இந்த ஒரு இடத்துல அவங்க வாதம் நிக்கல.

எல்லையைத் தொடாதேங்கிற கொள்கைக்கு வேற இடத்துல காரணம் இருக்கு, அதையும் சொல்லிடணும். ஆப்பிரிக்காவுல வெள்ளைக்காரன் ஸ்கேல் வச்சுக் கோடு போட்ட எல்லைகளை 1964ல கெய்ரோவுல கூடின ஆப்பிரிக்கத் தலைவர்கள் அப்படியே ஏத்துக்கிட்டாங்க. அந்தக் கோடு நியாயம்னு அவங்க நினைக்கல, ஒண்ணைக் கிளறினா எல்லாத்தையும் கிளறணும், கண்டம் முழுக்க ரத்தம் ஓடும்னு பயந்தாங்க. புரிஞ்சுக்க முடியுது. ஆனா அதுக்கு விலை கொடுத்தது கோட்டுக்கு ரெண்டு பக்கமும் சிக்கிக்கிட்ட மக்கள்.

'மக்கள்' யாருங்கிறதுலயே இன்னொரு வழுக்கலும் இருக்கு. ஒரு தேசம்னா ஒரே ரத்தம், ஒரே மொழின்னு நினைச்சுக்கறது. ரெஃபரெண்டத்துல பிரியணும்ங்கிற பக்கம் தோத்த அந்த ராத்திரி, அந்தப் பக்கத்தை நடத்தின மாகாண முதல்வர் ஜாக் பாரிசோ மேடையேறி, நாம தோத்தது பணத்தாலயும் இனக்குழு ஓட்டுகளாலயும்தான்னு பேசிட்டாரு. அதுக்கு முன்னாடியே, நம்மளைப் பத்திப் பேசுவோம், நம்மள்ல 60 சதவீதம் ஆதரிச்சு ஓட்டுப் போட்டிருக்கோம்னாரு. அந்த 'நம்மள்ல' யாரு? பிரெஞ்சு பேசறவங்க மட்டும். தமிழ்ல நமக்கு 'நாம'ன்னும் 'நாங்க'ன்னும் ரெண்டு சொல் இருக்கு, கேக்கறவரையும் சேர்த்துக்கறதுக்கு ஒண்ணு, வெளிய நிறுத்தறதுக்கு ஒண்ணு. பிரெஞ்சுல ரெண்டுக்கும் ஒரே சொல்தான். பிரச்சாரம் முழுக்க 'நாம'ன்னு கேட்டுக்கிட்டிருந்த கிரேக்க, இத்தாலிய, ஹைத்திக் குடும்பங்களுக்கு அது 'நாங்க'தான்னு அந்த ராத்திரி தெரிஞ்சு போச்சு. மறுநாளே அவர் பதவி விலகறதா அறிவிச்சாரு. உரிமை கேக்கற எந்த இயக்கத்துக்கும் இந்த ஆபத்து உண்டு, நம்ம பக்கத்து இயக்கங்களுக்கும் சேர்த்துத்தான்.

வரலாற்றுல ஒரு சின்னத் தப்பு, சீக்கிரம் சொல்லிட்டுப் போயிடறேன். சுயநிர்ணயம்ங்கிற கருத்தை அமெரிக்க அதிபர் வில்சன்தான் 1918ல தன்னோட 14 அம்சத் திட்டத்துல கொண்டு வந்தாருன்னு நிறைய பேர் எழுதறாங்க. அந்த 14 அம்சத்துல இந்தச் சொல்லே இல்ல, ஒரு மாசம் கழிச்சு பிப்ரவரியில பேசின பேச்சுலதான் வருது. லெனின் 1914லயே இதைப் பத்தி விரிவா எழுதிட்டாரு, அதுக்கும் முன்னாடியே மார்க்சியச் சிந்தனையாளர் ரோசா லக்சம்பர்க் இதை எதிர்த்து எழுதியிருந்தாங்க. வில்சனோட வெளியுறவு அமைச்சர் லான்சிங்கே, இந்தச் சொல்லுக்குள்ள டைனமைட் இருக்கு, நிறைவேறவே முடியாத நம்பிக்கைகளை இது கிளப்பிவிடும்னு கவலைப்பட்டாரு. 1919ல முதல் உலகப் போருக்கு அப்புறம் கூடின பாரிஸ் அமைதி மாநாட்டுக்கு வியட்நாம் மக்கள் சார்பா ஒரு மனு போச்சு, பின்னாடி ஹோ சி மின்னா உலகத்துக்குத் தெரிய வந்தவரும் அதுக்குப் பின்னால இருந்தாரு, யாரும் அதைச் சீண்டல. அப்ப சுயநிர்ணயம்ங்கிறது ஐரோப்பாவுக்கு மட்டும்.

அடுத்தது இறையாண்மை. இறைங்கிற சொல்லுக்கே பழந்தமிழ்ல அரசன்னு ஒரு அர்த்தம் உண்டு, அதனாலயோ என்னவோ இந்தச் சொல்லைக் கேட்டாலே யாரும் கேள்வி கேக்க முடியாத ஒரு ராஜா நமக்குள்ள வந்து உக்காந்துக்கறாரு. ஆனா இந்தக் கோட்பாட்டை 1576ல முதல்ல ஒழுங்கா எழுதின பிரெஞ்சுக்காரர் போதேன்கூட, இறையாண்மை உள்ள அரசனும் இறைவன் சட்டத்துக்கும் இயற்கைச் சட்டத்துக்கும் கட்டுப்பட்டவன்னும், குடிமக்கள் சொத்துல அவன் இஷ்டத்துக்குக் கை வைக்க முடியாதுன்னும்தான் சொன்னாரு. அப்புறம் 1789ல பிரெஞ்சுப் புரட்சி அந்த இறையாண்மையை அரசன்கிட்ட இருந்து எடுத்துத் தேசத்துகிட்டக் கொடுத்துச்சு. அதனால "எங்க நாட்டு இறையாண்மையில தலையிடாதே"ன்னு ஒரு அரசாங்கம் சொல்லும்போது, அது வெளி நாடுகளைப் பார்த்துச் சொல்ற பேச்சு. தன் குடிமக்களைப் பார்த்து அதையே சொல்ல முடியாது, ஏன்னா அது அவங்களோடது.

இன்னொண்ணு, இறையாண்மையை ஒரே கட்டியா, ஒண்ணு முழுசா இருக்கும் இல்லன்னா இல்லவே இல்லைன்னு நினைக்கிறது. கியூபெக்குக்கு இன்னிக்குத் தனி சிவில் சட்டம் இருக்கு, தனி ஓய்வூதியத் திட்டம் இருக்கு, வேலைக்காகக் குடியேற வர்றவங்களைத் தானே தேர்ந்தெடுக்கற அதிகாரம் இருக்கு, 2006ல கனடா நாடாளுமன்றம் 'ஒன்றுபட்ட கனடாவுக்குள்ள கியூபெக் மக்கள் ஒரு தேசம்'னே தீர்மானம் போட்டுச்சு. இவ்வளவும் தனிநாடு ஆகாமலே. நம்ம பக்கம் இந்தியாவுல திராவிட நாடு கோரிக்கையைக் கைவிட்டுட்டு திமுக மாநில சுயாட்சிக்கு வந்துச்சு, 1974ல சட்டமன்றத்துல தீர்மானமும் போட்டாங்க, அப்படியிருந்தும் சுயாட்சின்னு சொன்னா இன்னும் பிரிவினைன்னு காதுல விழுறவங்க இருக்காங்க.

செர்பியாவுல இருந்து பிரிஞ்ச கொசோவோவை எடுத்துக்காட்டா காட்டறவங்க ஒரு விஷயத்துல கவனமா இருக்கணும். 2010ல சர்வதேச நீதிமன்றத்து நீதிபதிகள் 10க்கு 4ங்கிற பெரும்பான்மையில சொன்னது, கொசோவோ 2008ல வெளியிட்ட சுதந்திரப் பிரகடனம் சர்வதேசச் சட்டத்தை மீறலைங்கிறது மட்டும்தான். கொசோவோ ஒரு நாடுன்னோ, பிரிய உரிமை இருக்குன்னோ சொல்லல, அந்தக் கேள்வியே தங்ககிட்டக் கேக்கப்படலைன்னு ஒதுக்கிட்டாங்க. ஒரு செயல் தடை செய்யப்படலைங்கிறதும் அது உரிமைங்கிறதும் வேற வேற.

கடைசியா, பாதிக்கு மேல ஒரு ஓட்டு வந்தா போதும்ங்கிற நினைப்பு. 1995ல கியூபெக்ல கிட்டத்தட்ட 93.5 சதவீதம் பேர் ஓட்டுப் போட்டாங்க. வேண்டாம்னு 50.58, வேணும்னு 49.42. வித்தியாசம் 54,288 ஓட்டு. செல்லாத ஓட்டே 86 ஆயிரத்துக்கு மேல, வித்தியாசத்தை விட அதிகம்! இதே கணக்கு அப்படியே திரும்பியிருந்தா, 54 ஆயிரம் ஓட்டுல ஒரு நாடு பிறந்திருக்கும், சரிபாதி மக்கள் விருப்பமே இல்லாம அதுக்குள்ள போயிருப்பாங்க. கேள்வியும் லேசுப்பட்டதில்ல, கனடாவோட புது பொருளாதார, அரசியல் கூட்டுக்கு முறைப்படி ஒரு யோசனை வச்சப்புறம், இன்ன மசோதாவுக்கும் ஜூன் 12ல கையெழுத்தான ஒப்பந்தத்துக்கும் உட்பட்டு, கியூபெக் இறையாண்மை பெறலாமான்னு ஒரே மூச்சுல நீளும், 'நாடு'ங்கிற வார்த்தையே அதுல கிடையாது.

தெளிவான பெரும்பான்மைன்னா எத்தனை சதவீதம்னு 1998 தீர்ப்பு சொல்லல, அதை அரசியல்ல இருக்கறவங்க தீர்த்துக்கணும்னு விட்டுருச்சு. 2000ல கனடா நாடாளுமன்றம் ஒரு சட்டம் போட்டுச்சு, கேள்வி தெளிவா இருந்துச்சா, பெரும்பான்மை போதுமாங்கிறதை நாங்கதான் பார்ப்போம்னு. அதே வருஷம் டிசம்பர்ல கியூபெக் சட்டமன்றம் பதில் சட்டம் போட்டுச்சு, 50 சதவீதத்துக்கு மேல ஒரு ஓட்டு போதும், எங்க எதிர்காலத்தை நாங்கதான் முடிவு பண்ணுவோம்னு. ரெண்டு சட்டமும் இன்னிக்கும் அப்படியே இருக்கு. க்ரீ மக்களோட கேள்விக்குப் பதில் அந்த ரெண்டு சட்டத்துலயும் இல்ல.