தோள்பட்டை ஜவ்வு கிழிவு: எங்கே அவசரம், எங்கே பொறுமை

பைக்கிலிருந்து கையை ஊன்றி விழுந்தவர், ஆறு மாதம் எண்ணெய் போட்டு நீவிக்கொண்டே காத்திருப்பார். எங்கேயும் விழாமல், வயதோடு மெல்ல மெல்ல வலி வந்த இன்னொருவர், ஸ்கேன் ரிப்போர்ட்டில் 'கிழிவு' என்ற வார்த்தையைப் பார்த்ததும் அடுத்த வாரமே ஆபரேஷனுக்குத் தேதி கேட்பார். இரண்டுமே தலைகீழ். முதலாமவருக்கு ஒவ்வொரு வாரமும் முக்கியம். இரண்டாமவருக்கு நிதானம்தான் முக்கியம். ரொட்டேட்டர் கஃப் எனும் இந்தத் தோள் ஜவ்வுக் காயத்தில் நடக்கும் தவறுகளில் பெரும்பாலானவை இந்தக் குழப்பத்திலிருந்துதான் கிளம்புகின்றன.

தோள் மூட்டின் குழிக்கு ஆழமே இல்லை. மேற்கை எலும்பின் உருண்டைத் தலை, சின்னத் தட்டில் வைத்த எலுமிச்சம்பழம் போலத்தான் அதில் உட்கார்ந்திருக்கிறது. கை இத்தனை பக்கம் சுழல்வதற்கு அதுதான் காரணம். உருண்டை நழுவாமல் பிடித்துவைப்பவை சுப்ராஸ்பினேட்டஸ், இன்ஃப்ராஸ்பினேட்டஸ், டெரீஸ் மைனர், சப்ஸ்கேப்புலாரிஸ் என்ற நான்கு தசைகள். இவற்றின் தசைநாண்கள், பேச்சில் ஜவ்வு என்கிறோமே அவை, ஒன்றோடொன்று பின்னி எலும்புத் தலையைச் சுற்றி ஒட்டிக்கொண்டிருக்கும். அந்தச் சுற்றுதான் ரொட்டேட்டர் கஃப். நான்கில் அதிகம் கிழிவது மேலே ஓடும் சுப்ராஸ்பினேட்டஸ்.

கிழிவு இரண்டு வழியில் வரும். ஒன்று, ஒரே அதிர்ச்சியில் வருவது: வண்டியிலிருந்து விழுவது, மேல்கம்பியைப் பிடித்து நிற்கும்போது பஸ் சடன் பிரேக் போடுவது, கனமான சிலிண்டரை வெடுக்கென்று தூக்குவது. இன்னொன்று, வருடக்கணக்கில் தேய்ந்து வருவது. நாற்பதைத் தாண்டினால் தசைநாணின் தரம் குறையத் தொடங்கும். கூரைக்கு பெயின்ட் அடிப்பவர்கள், தலைக்கு மேல் வயரிங் வேலை செய்பவர்கள், வாலிபால் ஆடுபவர்கள் ஆகியோருக்குச் சுமை கூடுதல். புகைப் பழக்கமும் சர்க்கரை நோயும் சேர்ந்தால் இன்னும் மோசம். இரண்டும் கலந்தும் வரும். ஏற்கெனவே தேய்ந்த தசைநாண் ஒரு சின்ன இழுப்பில் முழுசாக அறுந்துபோகும்.

விழுந்தவரின் கதையில் மிக அதிக விலை கொடுக்க வைக்கும் தவறு, எக்ஸ்ரேயை நம்பிவிடுவது. "எலும்பு முறியவில்லை, வெறும் சுளுக்குதான்" என்று சொல்லக் கேட்டதும் மனசு நிம்மதியாகிவிடும். ஆனால் எக்ஸ்ரேயில் தசைநாண் தெரியாது. எலும்பு நன்றாக இருக்கிறது என்பதை மட்டும்தான் அது சொல்கிறது. அவர் கையைத் தூக்கும் விதத்தைக் கவனித்தால் விஷயம் புரியும். கை பக்கவாட்டில் கொஞ்சம் எழும்பும், அதற்கு மேல் போகாது. ஈடுகட்டத் தோள்பட்டை மொத்தமும் காதை நோக்கி ஏறும். அடுத்தவர் பிடித்துத் தூக்கிவிட்டால் கை மேலே போகும், பிடியை விட்டதும் தாங்க முடியாமல் பொத்தென்று இறங்கிவிடும். முழங்கையை விலாவோடு ஒட்டவைத்து முன்கையை வெளிப்பக்கம் திருப்பிவிட்டு, அப்படியே நிறுத்தச் சொன்னால் அது தானாக வயிற்றுப் பக்கம் திரும்பி வரும். விழுந்த பிறகு இப்படி ஒரு பலவீனம் தெரிந்தால் முழுக் கிழிவைச் சந்தேகித்தே ஆக வேண்டும். எலும்பு முறிவு இல்லை என்று உறுதியான பிறகுதான் கையை இப்படி அசைத்துப் பார்க்க வேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

இங்கே ஏன் அவசரம்? எலும்பிலிருந்து அறுந்த தசைநாண் இருந்த இடத்திலேயே நிற்காது, உள்நோக்கி இழுத்துக்கொள்ளும். வேலையில்லாமல் போன தசை மெலியும், அதன் இழைகளுக்கு நடுவே கொழுப்பு படியும். அப்படிப் படிந்த கொழுப்பு, பிறகு தையல் போட்டாலும் பெரும்பாலும் திரும்பப் போவதில்லை. முதல் சில வாரங்களில் எளிதாக எலும்போடு சேர்த்துத் தைத்திருக்கக்கூடிய கிழிவு, மாதங்கள் கடந்தால் இழுத்தாலும் எட்டாத கிழிவாகிவிடும். அதனால் விழுந்து இரண்டு வாரமாகியும் கையைத் தூக்க முடியவில்லை என்றால், அல்ட்ராசவுண்டோ எம்ஆர்ஐயோ எடுத்துத் தோள் மூட்டு அறுவை மருத்துவரைப் பார்த்துவிட வேண்டும். நாற்பது வயதுக்கு மேல் தோள் நழுவி, மூட்டை மறுபடி பொருத்திய பிறகும் கை எழும்பவில்லை என்றாலும் இதேதான். அங்கே ரொட்டேட்டர் கஃப் கிழிந்திருக்கலாம், நரம்பு அடிபட்டிருக்கலாம். புது அடியில் முரட்டுத்தனமாக நீவிச் சுளுக்கு எடுப்பதை அறவே தவிர்த்துவிடுங்கள்.

எல்லாத் தோள் வலிக்கும் ஒரே பெயர் வைப்பது அடுத்த தவறு. நம் ஊரில் சர்க்கரை நோயாளிகள் அதிகம், அவர்களிடம் அடிக்கடி காண்பது ஃப்ரோசன் ஷோல்டர். அதில் மூட்டைச் சுற்றியுள்ள உறையே இறுகிவிடும், நீங்களாகத் தூக்கினாலும் கை போகாது, அடுத்தவர் தூக்கினாலும் போகாது. முன்கையை வெளிப்பக்கம் திருப்புவது எல்லாவற்றுக்கும் முன்னால் நின்றுபோகும். ரொட்டேட்டர் கஃப் பிரச்சினையில் பெரும்பாலும் அடுத்தவர் தூக்கினால் போகும். வலி முழங்கைக்குக் கீழே ஓடி விரல்கள் மரத்துப்போனால் கழுத்து நரம்பைப் பார்க்க வேண்டும். இடது தோள் வலியோடு நெஞ்சு அழுத்தம், வியர்வை, மூச்சிரைப்பு இருந்தால் எலும்பு டாக்டரைத் தேடாதீர்கள், நேரே அவசரப் பிரிவுக்குப் போங்கள்.

சரி, இப்போது இரண்டாமவருக்கு வருவோம். வலி மெல்ல வந்தது. பக்கவாட்டில் கையைத் தூக்கும்போது அறுபது டிகிரியில் தொடங்கி நூற்றிருபது வரைக்கும் குத்துகிறது. ராத்திரி அந்தப் பக்கம் திரும்பிப் படுக்க முடியவில்லை. அவர் முதலில் ஓடுவது ஸ்கேன் சென்டருக்கு, அதுவும் மருத்துவர் கையை அசைத்துப் பார்ப்பதற்கு முன்பே. ஸ்கேனில் கிழிவு தெரிவதே இயல்பு என்பது அவருக்குத் தெரியாது. ஜப்பானில் ஒரு கிராமத்தில் 664 பேருக்குத் தோளில் அல்ட்ராசவுண்ட் செய்து பார்த்த ஆய்வு 2013-இல் வெளியானது. ஐந்தில் ஒருவருக்கு மேல் முழுக் கிழிவு இருந்தது. அப்படிக் கிழிந்திருந்தவர்களில் மூன்றில் இரண்டு பங்கினருக்கு வலியே இல்லை. தலை நரைப்பது போல வயதோடு வரும் மாற்றங்களில் இதுவும் ஒன்று. அறுபதைத் தாண்டியவரின் ரிப்போர்ட்டில் 'பகுதிக் கிழிவு' என்றிருந்தால், வலிக்குக் காரணம் அதுதான் என்று அதை வைத்து மட்டும் முடிவு கட்ட முடியாது. ஸ்கேனும் பரிசோதனையும் ஒத்துப்போக வேண்டும்.

தோளுக்கு மேலிருக்கும் எலும்பு முனை உரசித்தான் தசைநாண் கெடுகிறது என்று 1972-இல் அமெரிக்க எலும்பு அறுவை மருத்துவர் சார்லஸ் நீர் எழுதினார். அதன் பிறகு பல பத்தாண்டுகள் அந்த எலும்பைச் செதுக்கிவிடும் ஆபரேஷன் உலகம் முழுக்க நடந்தது. முழுக் கிழிவு இல்லாத, வெறும் உரசல் வலி என்று சொல்லப்பட்டவர்களை வைத்து இங்கிலாந்தில் நடந்த சோதனை 2018-இல் லான்செட் மருத்துவ இதழில் வெளியானது. எலும்பைச் செதுக்கியவர்களுக்கும், கருவியை உள்ளே விட்டுப் பார்த்துவிட்டு எதையும் செதுக்காமல் மூடியவர்களுக்கும் நோயாளி உணரும் அளவுக்கு வித்தியாசம் இருக்கவில்லை. அதனால் கிழிவு எதுவும் இல்லாமல் "எலும்பு இடிக்கிறது, செதுக்கிவிடலாம்" என்று மட்டும் சொன்னால், இன்னொரு மருத்துவரிடம் கருத்துக் கேட்காமல் ஒத்துக்கொள்ளாதீர்கள் என்பேன்.

அடிபடாமல் வந்த முழுக் கிழிவுக்கே உடற்பயிற்சி எவ்வளவு உதவும் என்பதை அமெரிக்காவில் 452 பேரிடம் பார்த்திருக்கிறார்கள். பிசியோதெரபி பயிற்சியைத் தொடங்கியவர்களில் இரண்டு ஆண்டுக்குள் ஆபரேஷன் செய்துகொண்டவர்கள் நான்கில் ஒருவருக்கும் குறைவு. கிழிவு தானாக ஒட்டிக்கொண்டதால் கிடைத்த பலன் இல்லை இது. மிச்சமுள்ள தசைகள் வேலையைப் பகிர்ந்துகொள்ளப் பழகின, அவ்வளவுதான்.

அந்தப் பயிற்சியைக் கெடுப்பவை இரண்டு பழக்கங்கள். முதலாவது, வலிக்கிறது என்று வாரக்கணக்கில் கையைக் கழுத்தில் மாட்டும் தொட்டிலில் (ஸ்லிங்) போட்டுவைப்பது. மூட்டு இறுகிவிடும், சர்க்கரை நோயாளிக்கு இன்னும் சீக்கிரம் இறுகும். இரண்டாவது, பத்து நாளில் வலி குறைந்ததும் நிறுத்திவிடுவது. தசை பலப்பட மூன்று மாதமாவது ஆகும். முழங்கைக்கும் விலாவுக்கும் நடுவே ஒரு துண்டைச் சுருட்டிவைத்து, ரப்பர் பட்டையை ஜன்னல் கம்பியில் கட்டி, முன்கையை மெதுவாக வெளிப்பக்கம் இழுத்து, அதைவிட மெதுவாகத் திரும்ப விடுவது எளிய தொடக்கம். துண்டு கீழே விழுந்தால் முழங்கை விலகிவிட்டது என்று அர்த்தம். செய்யும்போது லேசாக வலித்தால் பரவாயில்லை. மறுநாள் காலை வரை வலி நீடித்தால் பட்டையின் இழுவிசையைக் குறையுங்கள். ஜிம்மில் கழுத்துக்குப் பின்னால் எடையை இறக்கித் தூக்குவதை இந்த மாதங்களில் விட்டுவிடுவது நல்லது.

ஸ்டீராய்டு ஊசி போட்டால் வலி சட்டென்று குறையும், தூக்கம் வரும், பயிற்சி செய்ய ஒரு வாய்ப்பு கிடைக்கும். அதற்குத்தான் அது. இங்கிலாந்தில் 700 பேருக்கு மேல் சேர்த்து 2021-இல் வெளியான ஆய்வில், ஊசி போட்டவர்களுக்கு ஆரம்பத்தில் கொஞ்சம் நன்மை தெரிந்தது, ஒரு வருட முடிவில் வித்தியாசம் இல்லை. திரும்பத் திரும்பப் போட்டால் தசைநாண் பலவீனப்படும். சர்க்கரை நோயாளிகளுக்கு ஊசிக்குப் பிறகு சில நாள் சர்க்கரை ஏறும், அதை முன்கூட்டியே மருத்துவரிடம் பேசிக்கொள்ளுங்கள். ஆபரேஷன் திட்டம் இருந்தால் அதற்கு முந்தைய மாதத்தில் ஊசி வேண்டாம், கிருமித்தொற்று அபாயம் கூடும். மெடிக்கல் ஷாப்பில் கேட்டு வாங்கும் வலி மாத்திரையை மாதக்கணக்கில் விழுங்குவதும் தவறுதான், சிறுநீரகமும் வயிறும் அதற்கு விலை கொடுக்கும்.

மூன்று மாதப் பயிற்சிக்குப் பிறகும் வலியும் பலவீனமும் போகவில்லை என்றால் ஆபரேஷனைப் பேசலாம். இளவயதில், உடலுழைப்பில் இருப்பவருக்கு முழுக் கிழிவு என்றால் அந்தப் பேச்சை இன்னும் சீக்கிரமே தொடங்க வேண்டும். ஆபரேஷன் வேண்டாம் என்று முடிவெடுத்தாலும் கிழிவு பெரிதாகிறதா என்று அவ்வப்போது பார்த்துக்கொள்வது அவசியம்.

தைத்த பிறகு நடக்கும் தவறு ரொம்ப சாதாரணமாக இருக்கும். நான்காவது வாரம் வலி இருக்காது, அதனால் தொட்டிலைக் கழற்றிவிட்டு அலமாரி மேல் தட்டிலிருந்து டப்பாவை எடுப்பார்கள். வலி போய்விட்டது உண்மை, ஆனால் தசைநாண் எலும்போடு ஒட்டிப் பலப்பட ஏறத்தாழ மூன்று மாதம் ஆகும். தொட்டிலில் இருக்கும் நான்கிலிருந்து ஆறு வாரமும் விரல், மணிக்கட்டு, முழங்கை ஆகியவற்றை அசைத்துக்கொண்டே இருக்கலாம். தோளை மட்டும் பிசியோதெரபிஸ்ட் சொன்ன அளவுக்கு மேல் போக விடக் கூடாது. எடை தூக்குவது மூன்று மாதத்துக்குப் பிறகுதான், முழு பலம் வர ஆறு மாதம் முதல் ஒரு வருடம் ஆகும். சிகரெட்டை ஆபரேஷனுக்கு முன்பே நிறுத்துங்கள், புகைப்பவர்களிடம் தையல் மறுபடி விட்டுப்போவது அதிகம்.

காலம் கடந்து வந்த, தைக்க முடியாத பெரிய கிழிவோடு மூட்டும் தேய்ந்த முதியவர்களிடம் "இனி ஒன்றும் செய்ய முடியாது" என்று சொல்லிவிடுவதும் உண்டு. அது சரியில்லை. பிரான்ஸில் பால் கிராமோன் என்ற அறுவை மருத்துவர் 1985-இல் உருவாக்கிய தலைகீழ் செயற்கைத் தோள் மூட்டில், பந்து குழி இருந்த இடத்துக்கும் குழி பந்து இருந்த இடத்துக்கும் மாறிவிடும். ரொட்டேட்டர் கஃப் இல்லாவிட்டாலும் வெளித்தோளில் உள்ள டெல்டாய்டு தசையே கையைத் தூக்கிக்கொடுக்கும். பெரும்பாலும் அறுபத்தைந்து வயதைத் தாண்டியவர்களுக்குச் செய்கிறார்கள், டெல்டாய்டும் அதன் நரம்பும் நன்றாக இருக்க வேண்டும் என்பதுதான் முக்கிய நிபந்தனை.