புவெப்லா, சோலூலா ஒருநாள் பயணம்: பணம் கட்டும் முன் இதைக் கேளுங்கள்

மெக்சிகோ சிட்டியிலிருந்து வழிகாட்டியோடு புவெப்லாவுக்கும் சோலூலாவுக்கும் ஒரே நாளில் போய் வரலாம். ஒரு வழிக்கு ஏறக்குறைய 130 கிலோமீட்டர். நெரிசல் இல்லையென்றால் இரண்டு மணி நேரம். பணம் கட்டும் முன் ஒன்றைக் கேட்டுவிடுங்கள்: புவெப்லாவில் நம் இஷ்டத்துக்குச் சுற்ற எவ்வளவு நேரம் கிடைக்கும்? சாப்பாடும் கடை நிறுத்தமும் போக ஒரு மணி நேரம்தான் மிஞ்சும் என்றால் வேறு பயணத்தைப் பாருங்கள். சாந்தோ தொமிங்கோ தேவாலயத்துக்குள், 1690இல் முடிந்த ஜெபமாலைச் சிற்றாலயத்துக்கே அரை மணி வேண்டும். சுவர், கூரை எங்கும் தங்கம் பூசிய சுதை வேலை. அண்ணாந்து பார்த்தபடி அப்படியே நின்றுவிடுவோம்.

திங்கள்கிழமை வேண்டாம், அருங்காட்சியகங்கள் பெரும்பாலும் மூடியிருக்கும்.

சோலூலாவுக்குக் காலையிலேயே போகும் பயணமாகத் தேர்ந்தெடுங்கள். குன்று போலத் தெரிவது புல் மூடிய பிரமிடு. அதன் உச்சியில் ஸ்பானியர் காலத்துத் தேவாலயம். மேகம் சூழும் முன் ஏறினால் போபோகாதெபெத்ல் எரிமலையைத் தெளிவாகப் பார்க்கலாம். ஊரே 2,100 மீட்டர் உயரத்துக்கு மேல் இருப்பதால் மூச்சு வாங்கும், மெதுவாக ஏறுங்கள். தொப்பி, தண்ணீர், அப்புறம் கழிப்பறைக்குச் சில்லறை பெசோ கையில் இருக்கட்டும்.